தவணை தவறாத கடன் ஏன் 31 ஆண்டாக நீண்டது? ஒரு வீட்டுக்கடனின் நிகழ்வு ஆய்வு

இங்கே ஆராயப்படும் வீட்டுக்கடனில் ஒரு தவணைகூடத் தவறியதில்லை. வங்கிக் கணக்கில் பணம் இல்லாமல் தவணை திரும்பியதில்லை, அபராத வட்டி விழுந்ததில்லை. அப்படியிருந்தும், 2021 ஜூலையில் 20 ஆண்டுக் கடனாகத் தொடங்கிய அதில், 2024 ஜனவரியில் வந்த காலாண்டு அறிக்கையின்படி இன்னும் 351 தவணைகள் பாக்கி இருந்தன. 240 தவணைகளில் 30 கட்டியாகிவிட்டது. 210தானே மிச்சம் இருக்க வேண்டும்? மீதி 141 தவணைகள் எங்கிருந்து வந்தன என்ற கேள்வியோடுதான் அந்தத் தம்பதியர் கோப்பை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார்கள்.

அடையாளம் தெரியாமல் இருக்க, அவர்களுடைய விவரங்கள் சிலவற்றை மாற்றியிருக்கிறேன். வங்கியின் பெயரும் இங்கே தேவையில்லை, ஏனெனில் நடந்தது ஒரு வங்கிக்கு மட்டும் உரியது அல்ல. தொகைகள் மாதாந்திர நிலுவையின் மேல் வட்டி என்ற கணக்கில் போடப்பட்டவை. வங்கி நாள் கணக்கில் வட்டி போட்டால் சில ரூபாய் வித்தியாசம் வரும், அவ்வளவுதான்.

குடும்பமும் வீடும்

கணவர் ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு தொழிற்சாலையில் மேற்பார்வையாளர். மனைவி தனியார் பள்ளி ஆசிரியை. இரண்டு பிள்ளைகள். கடன் வாங்கியபோது கணவருக்கு 38 வயது. வேலை செய்யும் நிறுவனத்தில் ஓய்வு வயது 58 என்பதால், கடனும் ஓய்வும் ஒரே ஆண்டில் முடியும்படி 20 ஆண்டுகளைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். நன்கு யோசித்து எடுத்த முடிவு அது.

வீடு கூடுவாஞ்சேரிக்கு அருகில், ஒருவர் குடியிருந்து விற்ற அடுக்குமாடி வீடு. விலை 38 லட்சம் ரூபாய். வங்கி கொடுத்த கடன் 30 லட்சம். மீதி 8 லட்சம் கையிலிருந்து போக வேண்டும் என்று முதலில் கணக்குப் போட்டிருந்தார்கள். ஆனால் பத்திரச் செலவை வங்கி வீட்டின் விலையில் சேர்த்துக்கொள்ளாது. தமிழ்நாட்டில் அப்போது முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். (பதிவுக் கட்டணம் 2 சதவீதமாகக் குறைந்தது 2023 ஏப்ரலில், அதே நேரத்தில், பத்திரச் செலவைக் கணக்கிட அரசு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பு உயர்த்தப்பட்டது.) 38 லட்சத்துக்கு 11 சதவீதம் என்றால் 4,18,000 ரூபாய். மூலப்பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய, கடன் தொகையில் அரை சதவீதமான 15,000 ரூபாயும் அதற்கான பதிவுக் கட்டணமும் போயின. வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், கடன் பரிசீலனைக் கட்டணம், தரகு என்று மேலும் கரைந்தது. பத்திரத்துக்காக மனைவியின் நகையில் ஒரு பகுதியை அடகு வைத்து, ஒன்றரை ஆண்டு கழித்து மீட்டிருக்கிறார்கள். அந்த நகைக்கடனுக்குக் கட்டிய வட்டியும் இந்த வீட்டின் செலவுதான், ஆனால் அவர்களுடைய கணக்கில் அது எங்கும் எழுதப்படவில்லை.

இன்னொன்று கடனுக்குள்ளேயே ஒளிந்திருந்தது. கடன்தாரர் இறந்தால் கடனை அடைக்கும் காப்பீட்டுக்கு ஒரே தவணையாக 75,000 ரூபாய் பிரீமியம். கையிலிருந்து கொடுக்க வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடலாம் என்று சொல்லப்பட்டிருக்கிறது. ஆக 30 லட்சத்தில் வீட்டுக்குப் போனது 29,25,000தான். அந்த 75,000 ரூபாய்க்கும் 20 ஆண்டு வட்டி ஓடும். தொடக்க வட்டி விகிதத்திலேயே கணக்கிட்டாலும், அசலும் வட்டியும் சேர்ந்து அது 1,38,000 ரூபாயைத் தாண்டிவிடுகிறது.

தொடக்கக் கணக்கு

2021 ஜூலையில் ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி, அதாவது வங்கிகளுக்கு அது கொடுக்கும் குறுகியகாலக் கடனின் வட்டி, 4 சதவீதம். இவர்களுடைய கடன் ரெப்போவோடு இணைக்கப்பட்ட மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் எல்லாம் இப்படி ஒரு வெளி அளவுகோலோடு இணைந்திருக்க வேண்டும். ரெப்போவுக்கு மேல் வங்கி வைத்த கூடுதல் 2.90 சதவீதம். மொத்தம் 6.90 சதவீதம்.

30 லட்சம், 6.90 சதவீதம், 240 மாதம். தவணை 23,079 ரூபாய். இதை 240ஆல் பெருக்கினால் 55.39 லட்சம். வட்டி மட்டும் 25.39 லட்சம்.

இந்தப் பெருக்கலைக் கடன் வாங்கிய நாளில் அவர்கள் செய்து பார்க்கவில்லை. 'மாதம் எவ்வளவு கட்ட முடியும்?' என்பதுதான் வங்கியிலும் வீட்டிலும் கேட்கப்பட்ட ஒரே கேள்வி. அப்போது வாடகை 9,500 ரூபாய். குடும்ப வருமானம் 62,000. 23,000 கட்டலாம் என்று தெரிந்ததும் பேச்சு முடிந்துவிட்டது.

முதல் தவணையை மட்டும் பிரித்துப் பார்க்கலாம். 23,079 ரூபாயில் வட்டி 17,250. அசலில் கழிந்தது 5,829. முதல் ஆண்டு முழுக்கக் கட்டிய 2,76,948 ரூபாயில் வட்டிக்கு 2,04,745, அசலுக்கு 72,203. எந்த வீட்டுக்கடனிலும் தொடக்க ஆண்டுகள் இப்படித்தான் இருக்கும், இதில் ஏமாற்று ஒன்றும் இல்லை. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிது. ஆனால் இதற்கு ஒரு விளைவு உண்டு. அசலுக்குப் போகும் பங்கு மெலிந்து கிடக்கும் இந்த ஆண்டுகளில் வட்டி ஏறினால், அந்த ஏற்றம் முழுவதும் அந்த மெலிந்த பங்கைத்தான் தின்னும்.

வட்டி ஏறியபோது நடந்தது

2022 மே 4 அன்று ரிசர்வ் வங்கி ரெப்போவை 4.40 ஆக்கியது. அடுத்து ஜூனில் 4.90, ஆகஸ்டில் 5.40, செப்டம்பர் இறுதியில் 5.90, டிசம்பரில் 6.25, 2023 பிப்ரவரியில் 6.50. ஒன்பது மாதத்தில் இரண்டரை சதவீதப் புள்ளி.

இந்தக் கடனில் வட்டி காலாண்டுக்கு ஒருமுறை மாறும். தவணைத் தொகையை மட்டும் வங்கி அப்படியே வைத்திருந்தது. வட்டி 7.80 ஆனது, 8.80 ஆனது, 9.15 ஆனது; வங்கிக் கணக்கிலிருந்து மாதாமாதம் போனது அதே 23,079. செய்தித்தாளில் வட்டி உயர்வு என்று படித்தபோதெல்லாம், 'நமக்கு ஒன்றும் ஏறவில்லை' என்று இருவரும் நிம்மதியாக இருந்திருக்கிறார்கள்.

தவணை ஏறாவிட்டால் காலம் ஏறும். அந்தந்தத் தேதியில் அதே 23,079 ரூபாயைக் கட்டிக்கொண்டே போனால் கடன் தீர இன்னும் எத்தனை மாதம் ஆகும் என்று போட்டுப் பார்த்தேன். 2022 ஜூலைக்கு முன் மீதம் இருந்தது 228 மாதம். வட்டி 7.80 ஆனதும் அது 269. அக்டோபரில் 358. 2023 ஜனவரியில் 429. ஏப்ரலில், வட்டி 9.40 ஆனபோது, 556 மாதம். அதாவது 46 ஆண்டு. கணவருக்கு அப்போது வயது 40.

அந்த ஏப்ரலில் நிலுவை 29,07,760 ரூபாய். அதற்கு ஒரு மாத வட்டி 22,778. கட்டும் தவணை 23,079. அசலுக்குப் போகக்கூடியது 301 ரூபாய். 23,000 ரூபாய் கட்டி 301 ரூபாய் கடன் குறைகிறது என்பதை ஒரு தாளில் எழுதிக் காட்டியபோது, மனைவி அதை மறுபடியும் தானே கழித்துப் பார்த்தார்.

வங்கி ஆண்டுக்கு ஒருமுறை, ஏப்ரலில், தவணையைச் சரிபார்க்கிறது. கடன்தாரரின் 70 வயதுக்கு மேல் காலத்தை நீட்டக் கூடாது என்பது அதன் உள்விதி. 70 வயதுக்கு மிச்சம் இருந்தது சரியாக 360 மாதம். எனவே 360 மாதத்துக்குத் தகுந்தாற்போல் தவணையை 24,238 ஆக்கிவிட்டு, குறுஞ்செய்தி ஒன்றை அனுப்பியது. அதில் புதிய தவணைத் தொகை இருந்தது, காலம் நீண்ட விவரம் இல்லை. கிளைக்குப் போய்க் கேட்டபோது, 'ஆயிரத்து நூற்றுச் சொச்சம்தான் கூடியிருக்கிறது, ஊரெல்லாம் வட்டி ஏறியிருக்கிறது' என்று பதில் கிடைத்திருக்கிறது. சொன்னது பொய்யில்லை. ஆனால் கடனின் விலையே மாறியிருந்தது.

அந்த நாளில் இரண்டு வழிகள் இருந்தன. வங்கி தானாகத் தேர்ந்தது, 24,238 ரூபாய் வீதம் 360 மாதம். வட்டி 9.40ஆகவே தொடர்ந்தால், ஏற்கெனவே கட்டியதையும் சேர்த்து மொத்தம் 92.10 லட்சம். 30 லட்சம் கடனுக்கு 62 லட்சம் வட்டி. யாரும் சொல்லாத இன்னொரு வழி, பழைய காலத்தை, அதாவது மீதமிருந்த 219 மாதத்தை, அப்படியே வைத்துக்கொண்டு தவணையை 27,814 ஆக்குவது. அப்போது மொத்தம் 65.76 லட்சம், வட்டி 35.76 லட்சம். மாதம் 3,576 ரூபாய் கூடுதலாகக் கட்டியிருந்தால் 26 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

வீட்டுக்கடனின் உண்மையான விலையைப் பற்றி யார் என்னிடம் கேட்டாலும் நான் முதலில் கேட்பது வட்டி விகிதத்தை அல்ல, தவணைத் தொகையையும் அல்ல. 'இன்னும் எத்தனை தவணை பாக்கி?' என்றுதான் கேட்பேன். வட்டி ஏறியதால் மட்டும் கூடிய செலவு பத்து லட்சம். அந்த ஏற்றத்தைத் தவணையில் காட்டாமல் காலத்தில் மறைத்ததால் கூடியது அதைப்போல் இரண்டரை மடங்கு. முதலாவது நம் கையில் இல்லை, இரண்டாவது இருந்தது. அந்த வாய்ப்பை இவர்களுக்குத் தெரிவிக்காமலேயே பறித்தது எனக்கு இன்றும் ஆறாத கோபம்.

அறிக்கை வந்தது எப்படி

இப்படி ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்கு நடந்த பிறகுதான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. மாறும் வட்டிக் கடனில் வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வைக் கடன்தாரருக்குத் தர வேண்டும். எந்த நேரத்திலும் ஒரு பகுதியையோ முழுவதையோ முன்கூட்டியே அடைக்க விட வேண்டும். வங்கியின் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தர வேண்டும் என்று அப்போது சொல்லப்பட்டது. காலத்தை நீட்டும்போது, தவணை வட்டிக்கே போதாமல் அசல் வளரும் நிலை வரக் கூடாது. காலாண்டுதோறும் அறிக்கை தர வேண்டும். அதில் இதுவரை வசூலான அசல், வட்டி, தவணைத் தொகை, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி விகிதம் எல்லாம் இருக்க வேண்டும். பழைய கடன்களுக்கும் இவற்றை 2023 டிசம்பர் இறுதிக்குள் நடைமுறைப்படுத்த வேண்டும் என்பது உத்தரவு.

அதன்படி வந்த முதல் அறிக்கையைத்தான் அவர்கள் கொண்டுவந்தார்கள். ஒரே பக்கம். இதுவரை கட்டியது 7,02,801 ரூபாய். அதில் வட்டி 5,96,996. அசல் 1,05,805. மீதமுள்ள தவணைகள் 351.

'நாங்கள் ஒரு மாதம்கூடத் தள்ளிப்போடவில்லையே, சார்' என்றார் மனைவி. கணவர் அதிகம் பேசவில்லை. தவணை முடியும் ஆண்டு 2053 என்று தெரிந்ததும், 'அப்போது நான் வேலையிலேயே இருக்க மாட்டேன்' என்று மட்டும் சொன்னார்.

கையில் இருந்தவை

பதற்றத்தில் எடுக்கும் முடிவு கடனைவிட ஆபத்தானது என்பதால், முதலில் குடும்பத்தின் முழு வரவுசெலவையும் எழுதினோம். 2024 தொடக்கத்தில் இருவர் சம்பளமும் சேர்ந்து கைக்கு வந்தது 82,000. நிரந்தர வைப்பில் 3,20,000 ரூபாய் இருந்தது, 7 சதவீத வட்டியில், அந்த வட்டிக்கும் வருமான வரி உண்டு. 9.40 சதவீதத்தில் கடன் வைத்துக்கொண்டு 7 சதவீதத்தில் சேமிப்பது என்பது ஒவ்வொரு மாதமும் நட்டம். இருசக்கர வாகனக் கடன் பிப்ரவரியில் முடியவிருந்தது, அதன் தவணை 3,900 ரூபாய். கடனை ஒழுங்காகக் கட்டுபவரா என்பதைக் காட்டும் மதிப்பெண்ணான சிபில் ஸ்கோர் கணவருக்கு 2021இல் குறைவாக இருந்திருக்கிறது. கைப்பேசி வாங்கிய ஒரு சிறு கடனில் இருந்த தாமதமே காரணம். இப்போது அது 780க்கு மேல். அதே வங்கி, அதே நேரத்தில், நல்ல ஸ்கோர் உள்ள புதியவர்களுக்கு 8.65 சதவீதத்தில் கொடுத்துக்கொண்டிருந்தது.

வருங்கால வைப்பு நிதியிலிருந்து எடுத்துக் கடனைக் குறைக்கலாமா என்று கணவர் கேட்டார். வேண்டாம் என்றேன். 2022-23க்கு அந்த நிதிக்குக் கிடைத்த வட்டி 8.15 சதவீதம். இவருடைய பங்களிப்பு அளவுக்கு அந்த வட்டிக்கு வரி இல்லை. கடன் வட்டியை 8.65க்குக் கொண்டுவர முடிந்தால் இரண்டுக்கும் உள்ள இடைவெளி மிகச் சிறிது. அந்தச் சிறு லாபத்துக்காக முதுமைக்கான பணத்தைத் தொடக் கூடாது.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றுவதையும் பார்த்தோம். வட்டி இன்னும் சிறிது குறையும். ஆனால் மூலப்பத்திர ஒப்படைப்பை மறுபடியும் பதிவு செய்ய வேண்டும், அரை சதவீதம் மறுபடியும் போகும், வழக்கறிஞர், மதிப்பீட்டாளர் எல்லோருக்கும் மறுபடியும் கட்டணம். பழைய வங்கியே இறங்கி வந்தால் அதுதான் மேல். மாற்றிக்கொண்டு போகப் போகிறோம் என்று எழுத்தில் கேட்டதும் வங்கி இறங்கி வந்தது. கூடுதலை 2.90இலிருந்து 2.15 ஆக்க, ஜிஎஸ்டி சேர்த்துப் பத்தாயிரத்துக்குள் ஒரு கட்டணம். இந்த வசதி முன்பே இருந்தது. கேட்காதவருக்கு யாரும் தரவில்லை.

2024 ஏப்ரல் 1 அன்று மூன்றும் ஒன்றாக நடந்தன. வட்டி 8.65 ஆனது. நிரந்தர வைப்பிலிருந்து 2 லட்சம் அசலில் கட்டப்பட்டது. 1,20,000 ரூபாயை அவசரத்துக்கு அப்படியே விட்டோம். வாகனக் கடன் தவணை நின்ற இடத்தில், வீட்டுத் தவணை 28,000 ஆனது.

மூன்றில் எது எவ்வளவு வேலை செய்தது என்பதைத் தனித்தனியாகவும் போட்டுப் பார்த்தேன். ஏனென்றால் எல்லோராலும் மூன்றையும் செய்ய முடியாது. அன்று பாக்கி 348 தவணை. வட்டியை மட்டும் முக்கால் சதவீதம் குறைத்து, மற்றதைத் தொடாமல் விட்டிருந்தால் 348 என்பது 274 ஆகும். 2 லட்சத்தை மட்டும் கட்டியிருந்தால் 261. தவணையை மட்டும் 28,000 ஆக்கியிருந்தால் 212. மூன்றும் சேர்ந்தபோது 165.

இந்த எண்களில் என்னை நிறுத்திவைப்பது நடுவில் இருப்பது. 2 லட்சம் ரூபாயை ஒருமுறை கட்டியதால் 87 தவணைகள் குறைகின்றன. ஒவ்வொன்றும் 24,238 ரூபாய். 21 லட்சத்துக்கு மேல். கடன் நீண்டுபோய் அசல் அசையாமல் கிடக்கும் நிலையில், அசலில் நேரடியாக விழும் ஒவ்வொரு ரூபாயும் இப்படித்தான் வேலை செய்யும். மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. எனவே இதற்குத் தடை ஏதும் இல்லை.

ஒரு விஷயத்தில் மட்டும் கவனம் வேண்டியிருந்தது. முன்பணம் கட்டும் விண்ணப்பத்தில் 'தவணையைக் குறைக்க', 'காலத்தைக் குறைக்க' என்று இரண்டு கட்டங்கள் உண்டு. எதையும் குறிக்காமல் விட்டால், பல வங்கிகளில் கணினி தவணைத் தொகையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்துவிடும். அப்படி நடந்தால் மேலே சொன்ன மிச்சத்தில் பெரும்பகுதி காணாமல் போகும். காலத்தைக் குறைக்கும் கட்டத்தைக் குறித்து, அலுவலரின் கையொப்பத்தோடு நகல் வாங்கிக்கொண்டார்கள்.

இரண்டு எதிர்வாதங்கள்

உறவினர் ஒருவர், கணக்கர், 'வீட்டுக்கடனைச் சீக்கிரம் அடைக்காதீர்கள், வரிச்சலுகை போய்விடும்' என்று தடுத்திருக்கிறார். பலர் நம்பும் வாதம் என்பதால் விரிவாகவே பார்த்தோம். பழைய வரி முறையில் சொந்தக் குடியிருப்பு வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். 20 சதவீத அடுக்கில் இருப்பவருக்கு மேல்வரி சேர்த்து 41,600 ரூபாய் மிச்சம். ஆனால் அதற்கு 2 லட்சம் வட்டி கட்டியிருக்க வேண்டும். நூறு ரூபாய் செலவழித்து 21 ரூபாய்க்குச் சற்றுக் குறைவாகத் திரும்பப் பெறுவது, செலவை ஓரளவு தணிக்கும், அந்தச் செலவைத் தேடிப்போவதற்குக் காரணம் ஆகாது. மேலும் 2023-24 நிதியாண்டு முதல் புதிய வரி முறையே இயல்பான தேர்வாகிவிட்டது, அதில் சொந்தக் குடியிருப்புக்கு இந்தக் கழிவே கிடையாது. 2025 பட்ஜெட்டுக்குப் பிறகு இவருடைய வருமானத்துக்குப் புதிய முறையில் வரியே வரவில்லை. சலுகைக்காகக் கடனை நீட்டியிருந்தால், இப்போது சலுகையும் இல்லாமல் கடன் மட்டும் இருந்திருக்கும்.

அடுத்தது பணவீக்க வாதம், இதில் உண்மை இருக்கிறது. 2045இல் கட்டும் 24,000 ரூபாய்க்கு இன்றைய 24,000 ரூபாயின் மதிப்பு இராது. ஆகவே 92 லட்சத்தை இன்றைய 92 லட்சமாக எண்ணிப் பயப்படக் கூடாது. ஆனால் ஒப்பிட வேண்டியது வேறு. கடனில் கட்டாமல் கையில் வைத்துக்கொள்ளும் பணம், வரி போக 9.40 சதவீதத்துக்கு மேல் உறுதியாகச் சம்பாதிக்குமா? இந்தக் குடும்பத்தில் அது நிரந்தர வைப்பில் 7 சதவீதத்துக்குக் கிடந்தது, அல்லது செலவாகிப் போனது. பங்குச் சந்தையில் நீண்டகாலம் ஒழுங்காக முதலீடு செய்பவர் வேறு முடிவுக்கு வரலாம். அவரிடம் நான் வாதாட மாட்டேன். ஆனால் 58 வயதுக்குப் பிறகும் தவணை ஓடும் என்றால், ஓய்வூதியம் இல்லாத தனியார் ஊழியருக்குப் பணவீக்கம் துணைக்கு வராது. அவருடைய வருமானம் அன்றோடு நின்றுவிடுகிறது.

2025 ஜூலை நிலவரம்

2025இல் ரெப்போ இறங்கத் தொடங்கியது. பிப்ரவரியில் 6.25, ஏப்ரலில் 6.00, ஜூனில் 5.50. இவர்களுடைய வட்டி ஜூலையில் 7.65 ஆனது. தவணையைக் குறைத்துக்கொள்ளலாம் என்று வங்கியிலிருந்து செய்தி வந்தது. வேண்டாம், 28,000 அப்படியே இருக்கட்டும் என்று எழுதிக் கொடுத்தார்கள். அன்று நிலுவை 25,51,909. மீதம் 137 தவணை. வட்டி இதே அளவில் இருந்தால் 2036 டிசம்பரில் கடன் முடியும், கணவரின் 53ஆவது வயதில். கடன் முழுவதற்கும் வட்டி 22.3 லட்சம்.

ஒன்றும் செய்யாமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். 62 லட்சம் வட்டி என்பது 9.40 சதவீதம் கடைசி வரை நீடித்தால் வருவது. ரெப்போ இறங்கியதால் அவர்களுக்கும் வட்டி 8.40 ஆகியிருக்கும். 24,238 ரூபாயையே கட்டிக்கொண்டிருந்தால் 2025 ஜூலையில் 252 தவணைகள் பாக்கி. முடிவு 2046இல், 63 வயதில். மொத்த வட்டி 42.3 லட்சம். எனவே இந்த மாற்றங்களின் மதிப்பு என்று நான் துணிந்து சொல்லக்கூடியது 20 லட்சம். வட்டி மறுபடி ஏறினால் இந்த இடைவெளி இன்னும் விரியும்.

வீட்டின் மற்றச் செலவுகளைப் பற்றி இங்கே அதிகம் எழுதவில்லை. மாதப் பராமரிப்பு 2,500. 2022இல் தமிழ்நாடு முழுக்கச் சொத்து வரி உயர்ந்தது. இரண்டையும் சேர்த்து ஆண்டுக்கு ஒரு தொகையை அவர்கள் இப்போது தனியாக ஒதுக்குகிறார்கள்.

காப்பீட்டில் ஒரு ஓட்டை இருந்ததைக் கடைசியில்தான் கவனித்தோம். கடனோடு எடுத்த அந்த 75,000 ரூபாய்க் காப்பீடு, கடன் குறைவதற்கு ஏற்பக் குறைந்துகொண்டே வரும் வகை. அது குறைவது 2021இல் போட்ட பழைய அட்டவணைப்படி. 2024 ஜனவரியில் அந்த அட்டவணைப்படி நிலுவை 28,09,736 ஆக இருந்திருக்க வேண்டும். உண்மை நிலுவை 28,94,195. அன்று கணவருக்கு ஏதேனும் நேர்ந்திருந்தால், காப்பீட்டுத் தொகை போக 84,000 ரூபாய்க்கு மேல் மனைவி தலையில் விழுந்திருக்கும். அதைவிட, காப்பீடு 2041இல் முடிந்துவிடும். கடன் 2053 வரை ஓடவிருந்தது. வங்கி காலத்தை நீட்டியபோது காப்பீட்டை யாரும் நீட்டவில்லை. 2 லட்சம் கட்டிய பிறகு நிலுவை காப்பீட்டுத் தொகைக்குக் கீழே வந்துவிட்டது. இருந்தாலும் தனியாக ஒரு டேர்ம் காப்பீடு (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்துக்கொள்ளச் சொன்னேன், எடுத்துவிட்டார்கள்.

2024 அக்டோபர் 1 முதல் புதிதாகக் கொடுக்கும் சில்லறைக் கடன்களுக்கு, கட்டணங்கள் எல்லாம் சேர்ந்த ஆண்டு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவர அறிக்கையை வங்கி தர வேண்டும். புதிதாகக் கடன் வாங்குபவர் அதைக் கேட்டு வாங்கி, மொத்தம் கட்டப்போகும் தொகையைப் பார்த்த பிறகே கையெழுத்துப் போடலாம். கடன் முடியும்போது என்ன செய்ய வேண்டும் என்பதையும் இவர்களுடைய கோப்பில் எழுதி வைத்திருக்கிறோம். கடைசித் தவணைக்குப் பிறகு 30 நாளுக்குள் வங்கி மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறை. பத்திரம் கைக்கு வந்தால் மட்டும் போதாது. கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தை வங்கி அலுவலரோடு சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போய்ப் பதிவு செய்துவிட்டு, புதிய வில்லங்கச் சான்று ஒன்று போட்டுப் பார்க்க வேண்டும்.